முகப்பேட்டில் ஒரு பெயர்

அம்பத்தூருக்கும் ஆவடிக்கும் இடையே உள்ள வடதிருமுல்லைவாயிலில், மாசிலாமணீசுவரரின் இலிங்கத் திருமேனியை ஆண்டு முழுவதும் சந்தனக் காப்பு மூடியிருக்கும். முல்லைக்கொடியில் யானையின் கால் சிக்கிக்கொள்ளத் தொண்டைமான் வாளால் கொடியை அறுத்தான் என்றும், உள்ளே மறைந்திருந்த இலிங்கத்தின்மேல் வெட்டு விழுந்து குருதி பெருகியது என்றும் தலபுராணம் கூறும். அக்காயத்துக்கு மருந்தாகவே சந்தனம் என்பர். சித்திரைச் சதயத்தன்று மட்டும் காப்பைக் களைவர். சுந்தரர் பாடிய இத்தலத்துக்குப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் சென்னை ஏழுகிணற்றிலிருந்து ஓர் இளைஞர் வந்து வழிபட்டார்; பதிகமும் பாடினார். கோயில் கோயிலாகச் சென்று பாடிய அந்த இளைஞர்தாம் பின்னாளில் கோயில் வழிபாட்டு மரபையே கடந்து சென்ற வடலூர் இராமலிங்கர்.

அவரை எப்பெயரால் குறிப்பது என்பதே ஒரு சிக்கல். வள்ளலார், அடிகள், சுவாமிகள், பிள்ளை என்று தமிழுலகம் பலவாறு வழங்கிவருகிறது. கடிதங்களின் கீழே அவர் இட்ட கையெழுத்து, சிதம்பரம் இராமலிங்கம் என்பது. அந்த எளிய கையெழுத்துக்கும் அவர் பெயரால் அச்சேறிய நூலின் முகப்பேட்டுக்கும் இடையில் உள்ள தொலைவில்தான் அவர் வாழ்வின் பெரும் போராட்டம் ஒன்று நிகழ்ந்தது.

சிதம்பரத்தை அடுத்த மருதூரில் 1823ஆம் ஆண்டு அக்டோபர் 5ஆம் நாள் இராமையா பிள்ளைக்கும் சின்னம்மையாருக்கும் பிறந்தவர் அவர். குழந்தைப் பருவத்திலேயே தந்தையை இழந்தார். குடும்பம் பொன்னேரி வழியாகச் சென்னைக்குக் குடிபெயர்ந்து, ஏழுகிணறு வீராசாமிப் பிள்ளை தெருவில் தங்கிற்று. மூத்தவர் சபாபதி புராணப் பிரசங்கம் செய்து குடும்பத்தைக் காத்தார். தம்பிக்கு ஏட்டுக் கல்வியில் நாட்டமில்லை. கந்தகோட்டத்து முருகன்மேல் பாடுவதிலேயே பொழுது போயிற்று. ஒருநாள் தமையனார் நோயுற்றிருக்க, சோமு செட்டியார் இல்லத்தில் அவருக்கு மாற்றாகச் சென்று சம்பந்தர் வரலாற்றை விரித்துரைத்த இளைஞரின் புகழ் அன்றே பரவியது என்று வரலாற்றாசிரியர்கள் எழுதுவர். அக்காலச் சென்னையில் சமயத் தலைவர் ஒருவரை ஊருக்கு அறிமுகம் செய்துவைத்தது பிரசங்க மேடை. அந்த மேடை தமக்கு எளிதாக வாய்த்தும் அவர் அதனைத் தொழிலாகக் கொள்ளவில்லை.

அச்சுக்கூடத்தை அவர் அஞ்சினார் என்று எண்ணுவதும் பிழை. ஒழிவிலொடுக்கத்தை 1851இலும், தொண்டமண்டல சதகத்தை 1855இலும், சின்மய தீபிகையை 1857இலும் பதிப்பித்தவர் அவரே. மனுமுறைகண்ட வாசகம் என்னும் அவருடைய உரைநடை நூல் 1854இல் வெளிவந்தது. தொண்டமண்டல சதகத்தின் பெயரில் தொண்டை என வராமல் தொண்ட என வருவதன் இலக்கண முறையை விரித்து அவர் எழுதிய பகுதியைப் படிப்போர், ஏட்டுக் கல்வி இல்லாதவர் என்ற வழக்கை அப்படியே ஏற்கத் தயங்குவர். பதிப்பாசிரியருக்குரிய நுணுக்கம் அதில் இருக்கிறது. அவர் முதலில் பதிப்பித்த ஒழிவிலொடுக்கத்தின் ஆசிரியர் பெயர் கண்ணுடைய வள்ளலார் என்பதையும் இங்கே நினைத்துக்கொள்ளலாம். பதினாறு ஆண்டுகள் கழித்து அந்த வள்ளலார் என்னும் சொல் அவர்மேலேயே வந்து அமர்ந்தது.

பிறர் நூலை அச்சிடுவதில் ஆர்வம் காட்டியவர், தம் பாடல்கள் என்றபோது மட்டும் பின்வாங்கினார். 1850இல் தமக்கையின் மகள் தனக்கோடியை மணந்தபோதும் இல்லறத்தில் அவர் மனம் செல்லவில்லை. 1858 வாக்கில் சென்னையை நீங்கினார். கருங்குழியில் வேங்கட ரெட்டியார் இல்லத்தில் தங்கி, அவ்வப்போது சிதம்பரம் சென்று வந்தார். பாடல்கள் அன்பர்களிடம் சிதறிக் கிடந்தன. அவற்றைத் திரட்டி அச்சிட வேண்டும் என்று தவங்கிடந்தவர் இறுக்கம் இரத்தின முதலியார். ஆண்டுகள் பல கடிதம் எழுதியும் இசைவு கிடைக்காமையால், இசைவு வரும்வரை ஒருவேளைதான் உண்பேன் என்று அவர் நோன்பு பூண்டார். பசி என்னும் சொல்லைக் கேட்கவும் பொறாத ஒருவரிடம் இதனினும் வலிய ஆயுதத்தை எடுத்திருக்க முடியாது. இராமலிங்கர் இணங்கினார். ஆனால் ஒரு நிபந்தனை விதித்தார். இராமலிங்கசாமி என்று தம் பெயரை நூலில் வழங்குவிப்பது தமக்குச் சம்மதமில்லை என்றும், அது ஆரவாரத்துக்குரிய பெயராகத் தோன்றுகிறது என்றும் முதலியாருக்கு எழுதினார்.

இந்த நிபந்தனையைச் சொல்லளவில் காப்பாற்றினார்கள். 1867இல் தொழுவூர் வேலாயுத முதலியார் வகுத்தளித்த முதல் நான்கு திருமுறைகள் அச்சில் வந்தன. முகப்பேட்டில் சாமி இல்லை. அதற்கு மாறாகத் திருவருட்பிரகாச வள்ளலார் என்னும் நீண்ட பட்டம் இருந்தது; சிதம்பரம் இராமலிங்க பிள்ளை என்னும் பெயர் அதன்பின் வந்தது. நூலுக்குத் திருவருட்பா என்று பெயர். பாடல்களின் பகுப்புக்குத் திருமுறை என்று பெயர். இறுதியில், அருட்பா பிறந்த வரலாற்றையும் பாடியவர் பெருமையையும் வேலாயுத முதலியார் செய்யுளாகவே பாடிச் சேர்த்திருந்தார். தேவாரத்துக்கும் திருவாசகத்துக்கும் சைவர் வைத்திருந்த மரியாதை முழுவதையும், உயிரோடு உலவும் ஒருவரின் பாடல்களுக்கு ஒரே பதிப்பால் பெற்றுத்தரும் முயற்சி அது. பட்டத்தைக் கண்டு இராமலிங்கர் கடிந்துகொண்டதாகவும், வள்ளல் ஆர் எனப் பிரித்து அது வினாத்தொடர் என்று மாணவர் விடைகூறியதாகவும் சன்மார்க்க அன்பரிடையே ஒரு செய்தி வழங்குகிறது. நடந்ததோ இல்லையோ, வேலாயுத முதலியாரின் புலமைக்குப் பொருந்திய கதை. குருவின் பணிவைப் புணர்ச்சி இலக்கணத்தால் வென்ற மாணவர் தமிழில் வேறொருவர் இருப்பதாகத் தெரியவில்லை.

அதே 1867ஆம் ஆண்டு மே 23ஆம் நாள் வடலூரில் சத்திய தருமச்சாலை தொடங்கப்பட்டது. பார்வதிபுரத்தார் நிலம் கொடுத்தார்கள். அன்று மூட்டிய அடுப்பு இன்றுவரை அணையாமல் எரிகிறது. சாதி, சமயம் கேளாமல் சோறு போடுகிறது. இராமலிங்கருக்கு அவ்வாண்டின் பெருநிகழ்ச்சி இதுவாகத்தான் இருந்திருக்கும். தமிழ்ப் புலவருலகுக்கோ பெருநிகழ்ச்சி புத்தகத்தின் முகப்பேடு.

அச்சின் ஆற்றலைத் தமிழ்ச் சைவருள் ஆறுமுக நாவலரைப்போல் அறிந்தவர் அந்நாளில் எவரும் இலர். பாதிரிமார் கையிலிருந்த அதே கருவியை எடுத்து அவர்களையே எதிர்த்தவர். யாழ்ப்பாணத்திலும் சென்னையிலும் அச்சுக்கூடம் நடத்தியவர். சிதம்பரத்தில் 1864இல் சைவப்பிரகாச வித்தியாசாலை கண்டவர். எந்த நூல் எப்பெயரோடு அச்சேறுகிறதோ அதுவே நாளைக்கு மரபாகும் என்பதை அவர் அறிந்திருந்தார். அதனால்தான் அருட்பா என்னும் பெயரைக் கண்டதும் கொதித்தார். போலியருட்பா மறுப்பு என்னும் கண்டன நூல் மாவண்டூர் தியாகேச முதலியார் பெயரில் வெளிவந்தது. எழுதியவர் நாவலரே என்பது பொதுவான கருத்து. பாடியவர் தம்மைச் சித்தராகக் காட்டிக்கொள்கிறார், அன்பர்கள் அதனைப் பரப்புகிறார்கள் என்பது அதன் உட்கிடை. நாவலரைக் குறுகிய நெஞ்சினர் என்று ஒதுக்குவது இன்று எளிது. சமயத் தலைவர் ஒருவரின் பெருமை அவருடைய மாணவர் பதிப்பிக்கும் நூலாலேயே நிறுவப்படும்போது அதனைத் தட்டிக்கேட்பவர் ஒருவர் வேண்டும் என்ற அளவில் அவர் கேள்வி நியாயமானதே. அம்பை யார்மேல் எய்தார் என்பதில்தான் பிழை. பட்டம் சூட்டியவர் வேறு, சூட்டப்பட்டவர் வேறு.

1869இல் பூசல் மஞ்சக்குப்பம் நீதிமன்றம் ஏறிற்று. சிதம்பரம் கோயிலில் நடந்த கூட்டத்தில் நாவலர் என்னும் சொல்லுக்கு இழிபொருள் கூறித் தம்மை அவமதித்தனர் என்று நாவலர் வழக்குத் தொடுத்தார். இராமலிங்கர் மன்றத்தில் நுழைந்தபோது அனைவரும் எழுந்து நின்றனர், நாவலரும் எழுந்தார், அது கண்டு நீதிபதி வழக்கைத் தள்ளினார் என்று ஒரு கதை வழங்குகிறது. வழக்கிலிருந்து இராமலிங்கர் விடுவிக்கப்பட்டார் என்பது மட்டும் உறுதி. கண்டனத்துக்குக் கண்டனம், அதற்கு மறுப்பு என்று இரு பக்கத்தாரும் அச்சிட்டுக் குவித்தவற்றை ப. சரவணன் 2010இல் பெருந்தொகுப்பாக வெளியிட்டார். அதனைப் புரட்டுவோர்க்கு இரு பெரியோரையும் சூழ்ந்திருந்தவர்கள் எத்துணை உரத்த குரலினர் என்பது விளங்கும்.

முகப்பேட்டுக்கு அடுத்தபடி முகத்தையே பதிக்க விரும்பினர் அன்பர்கள். ஒளிப்படக் கலை சென்னையில் பரவத் தொடங்கிய காலம். மாசிலாமணி முதலியார் என்பவர் எட்டுமுறை படமெடுக்க முயன்றதாகவும், ஒவ்வொரு முறையும் வெள்ளாடை மட்டும் பதிந்து உடல் பதியாமற் போனதாகவும் கூறுவர். அவருடைய பெயர் திருமுல்லைவாயில் இறைவனின் பெயராகவே அமைந்தது ஒரு தற்செயல். ஒளியுடம்பு பெற்றவரைக் கருவி பிடிக்காது என்பது அன்பர் கொள்கை. ஈரத் தட்டில் படமெடுத்த அந்நாளில் நண்பகல் வெயிலில் வெண்துணி மிகையாக வெளுத்திருக்கலாம், உருவம் அசைந்திருக்கலாம் என்று பிறர் சொல்லக்கூடும். எப்படியாயினும் அவருடைய ஒளிப்படம் ஒன்றுகூட நமக்குக் கிடைக்கவில்லை. பண்ணுருட்டிக் குயவர் ஒருவர் அவரைப் போலவே மண்ணில் உருவம் செய்து கொண்டுவந்தபோது, பொன்னுடம்பு மண்ணுடம்பாயிற்றே என்னும் பொருள்பட வருந்தி, அதனைக் கீழே போட்டு உடைத்தார் என்ற செய்தியும் உண்டு. இரு செய்திகளும் அன்பர்கள் வாயிலாகவே வந்தவை. உருவத்தை மறுத்தவர் என்னும் அவருடைய உருவமும் அவர்கள் தீட்டியதுதான் என்பதை மறத்தற்கில்லை.

விளம்பரமே வேண்டாதவர் அல்லர் அவர். சாலைக்கும் சபைக்கும் பொதுமக்களை அழைத்து அவர் எழுதிய அறிக்கைகளுக்கு விளம்பரம் என்றே பெயர். சன்மார்க்க விவேக விருத்தி என்னும் பத்திரிகை ஒன்றைத் தொடங்கவும் திட்டமிருந்தது. அதன் பெயரிலேயே நோக்கம் தெரிகிறது. கருத்து ஊரெங்கும் செல்லவேண்டும், அதனைச் சொன்னவன் மேல் கண் திரும்பக் கூடாது என்பதே அவர் விரும்பிய முறை என்று கொள்ளலாம். நடக்கக்கூடிய முறையா என்பது வேறு கேள்வி. மக்கள் கருத்தைக் காட்டிலும் ஆளையே எளிதில் பற்றிக்கொள்கிறார்கள்.

1872ஆம் ஆண்டு சனவரி 25ஆம் நாள், தைப்பூசத்தன்று, வடலூர்ச் சத்திய ஞான சபை வழிபாட்டுக்குத் திறக்கப்பட்டது. எண்கோணமாக அமைந்த அச்சபையில் திருமேனி எதுவும் இல்லை. ஏழு திரைகள் விலகினால் கண்ணாடியும் விளக்கின் சுடருமே காணப்படும். முல்லைவாயிலில் சந்தனம் மூடிய திருமேனியைப் பாடியவர் இங்கே வந்து சேர்ந்திருந்தார். அடுத்த ஆண்டு அக்டோபரில் மேட்டுக்குப்பம் சித்திவளாகத்தில் சன்மார்க்கக் கொடி ஏற்றிப் பேசிய பேருரையில், சைவம் வைணவம் முதலிய சமயங்களில் இலட்சியம் வைக்க வேண்டாம் என்றார். தமக்கும் முன்பு சைவத்தில் மிகுந்த பற்று இருந்தது என்றும், அது அறிவு குறைந்திருந்த காலத்தது என்றும், பழைய பாடல்களே அதற்குச் சாட்சி என்றும் ஒப்புக்கொண்டார்.

இந்த ஒப்புதலின் கனம் எளிதில் புலப்படாது. அவர் பழைய பாடல்கள் என்று விலக்கியவைதாம் ஆறாண்டுகளுக்கு முன் திருமுறைகளாக அச்சேறியவை. அவற்றைக் கையில் வைத்துக்கொண்டுதான் அன்பர்கள் அவரை நாயன்மார் வரிசையில் நிறுத்தினார்கள். நாவலர் தரப்பும் அவற்றை வைத்துத்தான் அந்த வரிசையிலிருந்து அவரை இறக்கப் போராடிற்று. வழக்கின் இரு பக்கத்தாரும் பற்றிக்கொண்டிருந்த இடத்தில் அவர் இல்லை. பாடுபவன் நகர்ந்துகொண்டே இருக்கிறான். அச்சு அவனை ஓரிடத்தில் நிறுத்திவிடுகிறது. முதல் தொகுதியைப் பிறர் வற்புறுத்தலால் வெளியிட்டுப் பின்னர் அதிலிருந்து விலகி நடந்த கவிஞர் எவருக்கும் இவ்வருத்தம் புதிதன்று. இராமலிங்கர் அளவுக்கு அதற்கு விலை கொடுத்தவர் அரியர்.

1874ஆம் ஆண்டு சனவரி 30ஆம் நாள் இரவு மேட்டுக்குப்பத்தில் அறையுட் புகுந்து தாழிட்டுக்கொண்டார். அதன்பின் அவரை எவரும் கண்டதில்லை. மாவட்டத் தலைவர் கார்ஸ்டின் முதலான அலுவலர்கள் வந்து அறையைத் திறந்து பார்த்து, ஒன்றும் இல்லாமை கண்டு திரும்பினர் என்பது சன்மார்க்க மரபு. 1906இல் வெளிவந்த தென்னார்க்காடு மாவட்டக் கையேட்டில் அதன் ஆசிரியர் பிரான்சிஸ் எழுதியதோ வேறு: அறை இன்னும் பூட்டியே இருக்கிறது, அவர் மீண்டும் தோன்றுவார் என்று நம்புவோர் இருக்கிறார்கள் என்கிறார் அவர். சமயத் தலைவர் என்ற உரிமையைப் பற்றி எவர் எவ்வாறு நினைத்தாலும் பாடல்கள் உயர்ந்த தரத்தவை என்று அறிந்தோர் ஒப்புவதாகவும் குறித்திருக்கிறார். சொந்த மாணவரும் எதிரிகளும் பிரித்துப் பார்க்காத இரண்டை ஓர் அயல்நாட்டு அதிகாரி பிரித்துப் பார்த்தது வியப்பே.

மறைந்த பின்னரும் வேலாயுத முதலியார் ஓயவில்லை. சென்னை மாநிலக் கல்லூரித் தமிழ்ப் பண்டிதராக இருந்த அவர் 1882இல் பிரம்மஞான சபையாருக்கு ஒரு வாக்குமூலம் கொடுத்தார். அது அவ்வாண்டிலேயே ஆங்கிலத்தில் அச்சாயிற்று. நடுத்தர உயரம், எலும்பு தெரியும் மெலிவு, நிமிர்ந்த விரைந்த நடை, கூரிய மூக்கு, கனலும் பெரிய கண்கள், முகத்தில் நீங்காத ஒரு துயரம், உடம்பில் இரண்டு வெண்ணிறத் துணிகள் என்று குருவை வருணித்தார். ஒளிப்படம் தராததை அந்த வருணனை தருகிறது. ஆயினும் அதே வாக்குமூலத்தில், உருசியாவிலிருந்தும் அமெரிக்காவிலிருந்தும் வருவோர் உலக சகோதரத்துவத்தைப் போதிப்பர் என்று குரு முன்னரே கூறியதாகவும் சேர்த்தார். பிளாவட்ஸ்கி அம்மையாரும் ஆல்காட்டும் அதனை மகிழ்ந்து ஏற்றதில் வியப்பில்லை. முதலில் சைவத் திருமுறை ஆசிரியராக்கிய அன்பு, அடுத்துப் பிறிதோர் இயக்கத்தின் முன்னறிவிப்பாளராக்கியது. இவ்வன்பில் பொய்மை இல்லை. அதனால்தான் அதற்கு எல்லையும் இல்லை.

ஆனால் ஒன்றில் முதலியார் கைவைக்கவில்லை. பிற்காலப் பாடல்களாகிய ஆறாம் திருமுறையை அவர் அச்சிடவில்லை. வேறு அன்பர்கள் முயன்று 1885இல் அதனை வெளியிட்டனர். இராமலிங்கர் இறுதியில் எங்கு நின்றார் என்பதைத் தமிழர் படிக்க அவர் மறைந்து பதினோராண்டுகள் ஆயின. அதற்குள் முதல் பதிப்பின் உருவம் ஊன்றிவிட்டது.

நாவலர் 1879இல் மறைந்த பின்னும் பூசல் தணியவில்லை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நா. கதிரைவேற்பிள்ளை மறுபடி மருட்பாக் கொடியை உயர்த்த, மறைமலையடிகளும் கோட்டாற்றுச் சதாவதானி செய்குத்தம்பிப் பாவலரும் அருட்பாவின் பக்கம் நின்றனர். இசுலாமியப் புலவர் ஒருவர் மேடையேறி அருட்பாவுக்காக வாதாடினார் என்பதைக் கேட்டிருந்தால், முகப்பேட்டுப் பட்டத்தால் வருந்திய இராமலிங்கரும் ஒருகணம் மகிழ்ந்திருப்பார். கதிரைவேற்பிள்ளையின் மாணவராக அப்போரில் ஆசிரியர் பக்கம் நின்ற திரு.வி.க. பின்னர் மனம் மாறி, அவர் கருத்துகளைப் போற்றி 1929இல் ஒரு நூலே எழுதினார். நூலின் பெயர் இராமலிங்க சுவாமிகள் திருவுள்ளம். எந்தச் சொல் வேண்டாம் என்று கடிதம் எழுதினாரோ அந்தச் சொல், அவரை மிக நுட்பமாகப் புரிந்துகொண்டவரின் முகப்பேட்டிலேயே ஏறிற்று.

1939இல் ஜோதி என்னும் திரைப்படமும், 1971இல் அருட்பெருஞ்ஜோதியும் அவர் வாழ்வைக் காட்டின. 2007இல் அஞ்சல் துறை தலை வெளியிட்டது. அவர் பிறந்த அக்டோபர் 5ஆம் நாளைத் தனிப்பெருங்கருணை நாளாகத் தமிழக அரசு 2021இல் அறிவித்தது. அவரைச் சனாதன மரபின் உச்சமாகக் காட்டிய ஆளுநர் பேச்சும் அதற்கு எழுந்த மறுப்பும் 2023இல் செய்தித்தாள்களை நிறைத்தன. அருட்பா மருட்பாப் போரை அறிந்தவர்க்கு அவ்விவாதத்தின் வடிவம் பழக்கமானதே. தலையும் உடலும் வெள்ளாடை போர்த்த ஓவியம் ஒன்று நாட்காட்டிகளிலும் கடைகளிலும் வீடுகளிலும் தொங்குகிறது. ஓவியர்கள் எதைப் பார்த்து அம்முகத்தை வரைந்தார்கள் என்று கேட்டால் ஆடையைத் தவிர வேறொன்றைச் சுட்ட இயலாது. வடலூரில் தைப்பூசத்தன்று திரைகள் விலகும்போது கூட்டம் காண்பது இன்றும் கண்ணாடியையும் சுடரையும்தான்.